ஒம்புட்ஸ்மன் எழுதிய பிறகு: பல்கலைக்கழக நியமனப் பிணக்குகளும் நீதிமன்ற மீளாய்வும்

“ஒம்புட்ஸ்மன் எனக்குச் சார்பாத்தான் எழுதித் தந்தீக்காரு. ஆனா கெம்பஸ்ல அதக் கணக்கெடுக்கிறாங்க இல்ல. இனி எங்க போற?”

இந்தக் கேள்வியைப் பல வருடங்களாக வெவ்வேறு வாய்களிலிருந்து கேட்டு வருகிறேன். கேட்பவர் பெரும்பாலும் விரிவுரையாளர் பதவிக்கு விண்ணப்பித்து, நேர்முகப் பரீட்சைக்குப் போய், தன்னைவிடத் தகுதி குறைந்தவர் தெரிவாகிவிட்டார் என்று நம்பும் ஓர் இளம் பட்டதாரி. சில வேளைகளில் கேள்வி மறுபக்கத்திலிருந்தும் வரும். “என்ட நியமனத்த ரத்துச் செய்யச் சொல்லி ஒம்புட்ஸ்மன் எழுதிட்டாராம். என்ட பக்கத்து நியாயத்த ஒருத்தரும் கேக்கல்லயே?” என்பார் ஏற்கெனவே பதவியில் அமர்ந்துவிட்டவர்.

இருவரும் கேட்பது ஒரே விஷயத்தைத்தான். ஒம்புட்ஸ்மனின் முடிவுக்கு எவ்வளவு பலம் இருக்கிறது? அதை நீதிமன்றம் எந்தக் கண்கொண்டு பார்க்கும்? இதற்குத் தெளிவான விடை தெரியாததால் வழக்கைத் தோற்றவர்களை விட, வழக்குப் போடும் உரிமையையே காலம் கடந்து இழந்தவர்கள்தான் அதிகம் என்பது என் அபிப்பிராயம். ஆகவே அந்த விடையை இயன்றவரை எளிமையாக எழுதிப் பார்க்கிறேன்.

மளாலிம் மன்றத்திலிருந்து ஒம்புட்ஸ்மன் வரை

ஒம்புட்ஸ்மன் என்பது சுவீடன் நாட்டுச் சொல். அந்நாட்டின் 1809ஆம் ஆண்டு அரசியலமைப்பு, பாராளுமன்றம் நியமிக்கும் ஒம்புட்ஸ்மன் பதவியை உருவாக்கியது. ஆனால் அதற்கு முன்பே, 1713இல், பன்னிரண்டாம் சார்ள்ஸ் மன்னர் இதே பெயரில் ஓர் உயர் பதவியை ஏற்படுத்தி உத்தரவிட்டிருந்தார். 1709இல் பொல்டாவாப் போரில் ரஷ்யரிடம் தோற்ற அவர், உஸ்மானியரின் ஆட்சிப் பிரதேசத்தில் தஞ்சமடைந்திருந்த காலம் அது. உஸ்மானிய நிருவாகத்தில் கண்டதைப் பின்பற்றியே அவர் இதைச் செய்தார் என்று சொல்லும் ஆய்வாளர்கள் உண்டு. அதை மறுப்பவர்களும் உண்டு. அந்த விவாதம் எப்படி முடிந்தாலும், ஆட்சியாளரின் அதிகாரிகளுக்கு எதிராகக் குடிமகன் முறையிடும் ஏற்பாடு நமது மரபுக்குப் புதியதல்ல.

இமாம் மாவர்தீ (கி.பி. 1058இல் வஃபாத்தானவர்) தனது ‘அல்அஹ்காமுஸ் ஸுல்தானிய்யா’வில் காழியின் தீர்ப்பு வழங்கும் பணி, மளாலிம் எனப்படும் முறைப்பாட்டு மன்றம், ஹிஸ்பா ஆகிய மூன்றையும் தனித்தனி அத்தியாயங்களில் பிரித்து எழுதுகிறார். மளாலிம் மன்றம் கவனிக்க வேண்டியவை என்று அவர் வரிசைப்படுத்துபவற்றில் ஆளுநர்களின் அநீதி, வரி அறவிடுவோரின் அத்துமீறல், அரச கொடுப்பனவு பெறுவோருக்கு அது குறைக்கப்படுவது அல்லது தாமதிக்கப்படுவது ஆகியன அடங்கும். இன்னொன்றையும் அவர் சேர்க்கிறார். எதிராளி பலசாலியாக இருப்பதால் காழியால் நிறைவேற்ற முடியாமற்போன தீர்ப்பை நிறைவேற்றி வைப்பதும் மளாலிம் மன்றத்தின் பொறுப்பு.

இங்கேதான் பெரிய வேறுபாடு இருக்கிறது. மளாலிம் மன்றத்துக்குப் பின்னால் ஆட்சியாளரின் கை இருந்தது. நீதிமன்றத்தால் முடியாததை அது முடித்து வைத்தது. இன்றைய ஒம்புட்ஸ்மனின் நிலை தலைகீழானது. அவரால் விசாரிக்க முடியும், எழுத முடியும். அவர் எழுதியதை நிறைவேற்ற வேண்டுமென்றால் நிருவாகத்தின் மனச்சாட்சி விழிக்க வேண்டும், இல்லாவிட்டால் விஷயம் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும்.

நம் நாட்டு ஒம்புட்ஸ்மனின் அதிகார எல்லை

இலங்கையில் இப்பதவியின் முழுப்பெயர் நிருவாகத்துக்கான பாராளுமன்ற ஆணையாளர். 1978ஆம் ஆண்டு அரசியலமைப்பின் 156ஆவது உறுப்புரை இதற்கு அடித்தளமிட்டது. 1981ஆம் ஆண்டின் 17ஆம் இலக்கச் சட்டம் இதற்கு உருவம் கொடுத்தது. அடிப்படை உரிமை மீறல்களையும் ஏனைய அநீதிகளையும் பற்றிய முறைப்பாடுகளை விசாரித்து அறிக்கையிடுவது இவரது கடமை. அரச அலுவலர்கள் மட்டுமன்றி, அரச கூட்டுத்தாபனங்கள், உள்ளூராட்சி மன்றங்கள், அவை போன்ற ஏனைய நிறுவனங்களின் அலுவலர்களும் இவரது விசாரணைக்குள் வருவர். அரச பல்கலைக்கழகங்கள் இந்தக் கடைசி வகைக்குள் அடங்கும்.

ஆரம்பத்தில் பொதுமகன் இவருக்கு நேரடியாக எழுத முடியாது. பாராளுமன்ற உறுப்பினர் ஒருவரைப் பிடித்து, மனு பாராளுமன்றக் குழுவுக்குப் போய், அங்கிருந்துதான் ஆணையாளரிடம் வர வேண்டும். 1994ஆம் ஆண்டின் 26ஆம் இலக்கத் திருத்தச் சட்டம் அந்தச் சுற்றுப்பாதையை நீக்கியது. இன்று யாரும் நேரடியாக எழுதலாம். சட்டத்தரணி தேவையில்லை, செலவும் இல்லை.

அநீதி நடந்திருப்பதாகக் கண்டால் அவர் செய்யக்கூடியது இதுதான். தனது முடிவையும் காரணங்களையும் நிறுவனத் தலைவருக்கும் உரிய அமைச்சருக்கும் எழுதுவார். தீர்மானத்தை மீளாய்வு செய்யும்படியோ, மாற்றும்படியோ பரிந்துரைப்பார். எடுத்த நடவடிக்கையைக் குறித்த காலத்துக்குள் அறிவிக்கும்படி கேட்பார். ஒன்றும் நடக்காவிட்டால் விஷயத்தை ஜனாதிபதிக்கும் பாராளுமன்றத்துக்கும் தெரியப்படுத்தலாம். அத்தோடு அவரது ஆயுதங்கள் தீர்ந்துவிடும். ஒரு நியமனத்தை இரத்துச் செய்யவோ, இன்னொருவரை நியமிக்கவோ அவருக்கு அதிகாரமில்லை.

எனவே ‘ஒம்புட்ஸ்மன் ஓடர் போட்டுட்டாரு’ என்று நம் ஊர்களில் சொல்வது சரியல்ல. அவர் போடுவது ஓடர் அல்ல, பரிந்துரை. வழக்கு நிற்பதும் விழுவதும் இந்த ஒரு சொல்லின் வித்தியாசத்தில்தான்.

பரிந்துரை நீதிமன்றத்துக்கு வரும்போது

நீதிமன்ற மீளாய்வு என்பது மேன்முறையீடு அல்ல. மேன்முறையீட்டில் ‘முடிவு சரியா?’ என்று கேட்கப்படும். மீளாய்வில் ‘முடிவு எடுக்கப்பட்ட விதம் சட்டப்படியானதா?’ என்றே கேட்கப்படும். அதிகாரத்துக்கு உட்பட்டு நடந்தார்களா, நியாயமான நடைமுறையைப் பின்பற்றினார்களா, அறிவுள்ள எவரும் எட்ட முடியாத முடிவுக்கு வந்தார்களா என்ற மூன்றும்தான் மையக் கேள்விகள். நேர்முகப் பரீட்சையில் யாருக்கு எத்தனை புள்ளி போட்டிருக்க வேண்டும் என்பதை நீதியரசர்கள் திரும்பக் கூட்டிப் பார்க்க மாட்டார்கள்.

ஒம்புட்ஸ்மன் விவகாரம் மூன்று வழிகளில் இந்த மீளாய்வுக்குள் வரலாம்.

முதலாவது, முறைப்பாட்டாளர் வருவது. ‘பரிந்துரையை நிறைவேற்றும்படி பல்கலைக்கழகத்துக்குக் கட்டளையிடுங்கள்’ என்று அவர் ஆணையீட்டு எழுத்தாணை கேட்பார். அந்த எழுத்தாணை கிடைக்க வேண்டுமானால் எதிராளிக்குச் சட்டம் சுமத்திய கடமை ஒன்று இருக்க வேண்டும். பரிந்துரை தானாக அப்படியொரு கடமையைப் பிறப்பிக்காது. ஆகவே பரிந்துரையை மட்டும் தூக்கிக்கொண்டு போனால் இந்தக் கோரிக்கை பெரும்பாலும் தோற்கும்.

ஆனால் அதற்காகப் பரிந்துரையைக் குப்பைக் கூடையில் போடலாம் என்றும் ஆகாது. இங்கிலாந்தின் மேன்முறையீட்டு நீதிமன்றம் 2008இல் ஓய்வூதிய வழக்கொன்றில் இதை அழகாக விளக்கியது. ஒம்புட்ஸ்மன் நிருவாகச் சீர்கேட்டைக் கண்டறிந்திருந்தார், அமைச்சர் அதை ஏற்க மறுத்தார். ஒம்புட்ஸ்மனின் முடிவு அமைச்சரைக் கட்டுப்படுத்தாது, ஆனாலும் அதை நிராகரிக்க வலுவான காரணம் வேண்டும், ‘எனக்கு வேறு அபிப்பிராயம்’ என்பது போதாது என்றது நீதிமன்றம். நமது நிருவாகச் சட்டம் ஆங்கிலச் சட்டத்தின் வழியில் வளர்ந்தது. அந்தத் தீர்ப்பு இங்கே கட்டுப்படுத்தாது, எடுத்துக்காட்டி வாதிடலாம். எனவே முறைப்பாட்டாளர் கேட்க வேண்டிய கேள்வி, ‘ஏன் நிறைவேற்றவில்லை?’ என்பதல்ல. ‘என்ன காரணத்துக்காக நிராகரித்தீர்கள், அந்தக் காரணம் எங்கே எழுதப்பட்டுள்ளது?’ என்பதே.

இரண்டாவது, நியமனம் பெற்றவர் வருவது. தன்னைக் கேட்காமலே தனக்கு எதிராக முடிவு எழுதப்பட்டுவிட்டது என்பார். இது பலமான வாதம். ஒருவரைப் பாதிக்கக்கூடிய முடிவை எடுக்குமுன் அவருக்குச் சொல்ல வாய்ப்பளிப்பது இயற்கை நீதியின் முதற் பாடம். எதிர்ப்பக்கத்தின் பதில் இதுவாக இருக்கும்: ‘இது வெறும் பரிந்துரை. இவருடைய உரிமை எதையும் இன்னும் பாதிக்கவில்லை. எனவே உறுதிகேள் எழுத்தாணைக்கு இடமில்லை.’ ஆகவே அந்த அறிக்கை வெறும் அபிப்பிராயமா, இல்லாவிட்டால் அதன் அடிப்படையில் நியமனத்தை நீக்கும் நடவடிக்கை தொடங்கிவிட்டதா என்று நீதிமன்றம் பார்க்கும். பல்கலைக்கழகப் பேரவை பரிந்துரையை அப்படியே ஏற்று ஒருவரை நீக்கினால், பேரவையின் தீர்மானமே எதிர்க்கத்தக்கது. ‘ஒம்புட்ஸ்மன் சொன்னார், நாங்கள் செய்தோம்’ என்பது பேரவையின் பொறுப்பைக் கழுவிவிடாது.

மூன்றாவது, ஒம்புட்ஸ்மன் முறைப்பாட்டை எடுக்கவே மறுத்துவிடுவது. இங்கிலாந்தில் வந்த ஒரு வழக்கில், ஒம்புட்ஸ்மனும் நீதிமன்ற மீளாய்வுக்கு உட்பட்டவரே என்று தீர்க்கப்பட்டது. ஆனால் எதை, எவ்வளவு விசாரிப்பது என்பதில் அவருக்குச் சட்டம் பரந்த தற்றுணிபு வழங்கியிருப்பதால் நீதிமன்றம் இலகுவில் தலையிடாது என்றும் அதே தீர்ப்பு சொன்னது. இந்தக் கதவு திறந்துதான் இருக்கிறது, ஆனால் மிக ஒடுக்கமானது.

கேரளாவின் இரண்டு பாடங்கள்

நமக்குப் பக்கத்திலுள்ள கேரளாவின் இரண்டு விவகாரங்கள் இதை இன்னும் தெளிவாக்கும். (அங்கே மாநிலத்தின் உயர்ந்த நீதிமன்றத்தை நம் வழக்கப்படி ‘மேல் நீதிமன்றம்’ என்றும், டில்லியிலுள்ளதை ‘உச்ச நீதிமன்றம்’ என்றும் குறிப்பிடுகிறேன். நமது நாட்டில் ‘உயர் நீதிமன்றம்’ என்றாலே அதியுயர்ந்தது என்பதால் பெயரில் குழம்ப வேண்டாம்.)

கேரளாவில் ஒம்புட்ஸ்மனின் பணியைச் செய்வது லோகாயுக்தா. 1999ஆம் ஆண்டு லோகாயுக்தாச் சட்டத்தின் 14ஆவது பிரிவு நம் நாட்டுச் சட்டத்தை விடக் கூர்மையானதாக இருந்தது. பதவியிலிருப்பவர் இனித் தொடரக் கூடாது என்று லோகாயுக்தா அறிவித்தால் உரிய அதிகாரி அதை ஏற்க வேண்டும் என்றது அது.

2021 ஏப்ரல் 9ஆம் திகதி அந்தப் பிரிவு பயன்பட்டது. அப்போதைய அமைச்சர் கே.டி. ஜலீல், மாநிலச் சிறுபான்மையினர் அபிவிருத்தி நிதிக் கூட்டுத்தாபனத்தின் பொது முகாமையாளர் பதவிக்குத் தன் உறவினர் வருவதற்கு ஏற்றாற்போல் தகைமையை மாற்றுவித்தார் என்பது முறைப்பாடு. அவர் பதவியைத் துஷ்பிரயோகம் செய்தார், அமைச்சராகத் தொடரத் தகாதவர் என்று லோகாயுக்தா அறிக்கையிட்டது. ஏப்ரல் 13இல் அவர் இராஜினாமாச் செய்தார். ஏப்ரல் 20இல் மேல் நீதிமன்றம் அவரது மனுவைத் தள்ளுபடி செய்தது. அதே ஆண்டு ஒக்டோபரில், உச்ச நீதிமன்றம் தலையிட விரும்பாத நிலையில் அவரது மனு மீளப் பெறப்பட்டது. இது பல்கலைக்கழக நியமனமல்ல, கூட்டுத்தாபன நியமனம். ஆனால் பாடம் பொதுவானது. கட்டுப்படுத்தும் பலமுள்ள ஓர் அறிக்கை நடைமுறை பிசகாமல் வந்திருந்தால், நீதிமன்றம் அதன் மேல் இன்னொரு விசாரணையைத் தொடங்காது.

இரண்டாவது விவகாரம் நேரடியாகப் பல்கலைக்கழகம் பற்றியது. 2021 நவம்பரில் கண்ணூர்ப் பல்கலைக்கழகத் துணைவேந்தர் கோபிநாத் ரவீந்திரன் மீண்டும் அதே பதவிக்கு நியமிக்கப்பட்டார். நியமன அதிகாரி வேந்தர், அதாவது ஆளுநர் ஆரிப் முஹம்மத் கான். மீள்நியமனத்தைக் கோரி உயர்கல்வி அமைச்சர் ஆர். பிந்து ஆளுநருக்குக் கடிதம் எழுதியிருந்தார். அமைச்சர் பதவியைத் துஷ்பிரயோகம் செய்தார் என்று லோகாயுக்தாவிடம் முறைப்பாடு போனது. கடிதம் வெறும் முன்மொழிவே, அதில் துஷ்பிரயோகம் இல்லை என்று 2022 பெப்ரவரியில் லோகாயுக்தா முறைப்பாட்டை நிராகரித்தது. நியமனத்துக்கு எதிரான வழக்கு தனியாக நடந்தது. மேல் நீதிமன்றம் நியமனம் செல்லும் என்றது.

2023 நவம்பர் 30ஆம் திகதி உச்ச நீதிமன்றம் அந்த மீள்நியமனத்தை இரத்துச் செய்தது. அதன் காரணத்தைக் கவனிக்க வேண்டும். துணைவேந்தரை மீண்டும் நியமிக்கலாம், அறுபது வயது எல்லை மீள்நியமனத்துக்குப் பொருந்தாது, புதிதாகத் தெரிவுக் குழு அமைக்கவும் தேவையில்லை என்று மூன்று கேள்விகளில் நியமனத்துக்குச் சார்பாகவே விடை வந்தது. நான்காவது கேள்வியில்தான் நியமனம் விழுந்தது. சட்டம் வேந்தருக்குக் கொடுத்த அதிகாரத்தை வேந்தர் தானாகப் பயன்படுத்தவில்லை, மாநில அரசின் தலையீட்டுக்கு விட்டுக்கொடுத்துவிட்டார் என்றது நீதிமன்றம்.

ஒரே நியமனம், ஒரே கடிதம், இரண்டு முடிவுகள். ஆனால் இவை ஒன்றுக்கொன்று முரணானவையல்ல. லோகாயுக்தா கேட்ட கேள்வி, ‘அமைச்சர் குற்றமான காரியம் செய்தாரா?’ உச்ச நீதிமன்றம் கேட்ட கேள்வி, ‘அதிகாரம் யாருக்குக் கொடுக்கப்பட்டதோ அவர்தான் முடிவெடுத்தாரா?’ ஒரு மனிதரின் நடத்தை குற்றமற்றதாக இருக்கலாம், அப்படியிருந்தும் நியமனம் சட்டவிரோதமாக இருக்கலாம். ஒம்புட்ஸ்மன் முறைப்பாட்டை நிராகரித்துவிட்டார் என்பதற்காக ‘கேஸ் முடிஞ்சி’ என்று கோப்பைக் கட்டி வைப்பவர்கள் இதை மனதில் வைக்க வேண்டும்.

இதற்கிடையில் லோகாயுக்தாவின் பல்லும் பிடுங்கப்பட்டது. 2022இல் கேரளச் சட்டசபை நிறைவேற்றிய திருத்தத்துக்கு 2024இல் ஜனாதிபதியின் ஒப்புதல் கிடைத்தது. அறிக்கையை ஏற்பதா விடுவதா என்று தீர்மானிக்கும் உரிமை அரசியல் அதிகாரத்தின் கைக்குப் போனது.

பாகிஸ்தானின் நிலை வேறு. அங்கே 1983ஆம் ஆண்டு ஜனாதிபதி ஆணையால் உருவான வஃபாகீ முஹ்தஸிப், ஒரு நிறுவனத்தில் வேலை செய்பவரின் சொந்தச் சேவைக் குறைகளை விசாரிக்கவே முடியாது. அவரது முடிவால் பாதிக்கப்பட்டவர் ஜனாதிபதியிடம் முறையிட வழியுண்டு. பெயர் ஹிஸ்பா மரபிலிருந்து வந்தது, வேலியோ சட்டம் போட்டது. எந்த நாட்டிலும் முதற் கேள்வி, ‘இந்த விஷயம் இவரது எல்லைக்குள் இருக்கிறதா?’ என்பதுதான்.

நம் நாட்டில் உள்ள நான்கு கதவுகள்

இனி நமது விஷயத்துக்கு வருவோம். அரச பல்கலைக்கழக நியமனத்தில் அநீதி நடந்ததாகக் கருதுபவருக்கு ஒம்புட்ஸ்மனைத் தவிர வேறு நான்கு கதவுகள் உள்ளன.

ஒன்று, பல்கலைக்கழகச் சேவைகள் மேன்முறையீட்டுச் சபை. 1978ஆம் ஆண்டின் 16ஆம் இலக்கப் பல்கலைக்கழகங்கள் சட்டம் உருவாக்கியது இது. ஆட்சேர்ப்புத் திட்டத்துக்கும் நியமன நடைமுறைக்கும் முரணாகச் செய்யப்பட்ட நியமனங்கள், பதவியுயர்வுகள் பற்றிய மேன்முறையீடுகளை விசாரிப்பதற்கென்றே அமைந்தது. நம்மவர்களில் பலருக்கு இதன் பெயரே தெரியாது. ஒம்புட்ஸ்மனுக்கு எழுதுவதற்கு முன் இதைப் பற்றி விசாரிக்க வேண்டும். ஏனென்றால் ‘உங்களுக்கென்று ஒரு சபை இருக்கும்போது ஏன் அங்கே போகவில்லை?’ என்று நீதிமன்றம் கேட்கலாம்.

இரண்டு, மேன்முறையீட்டு நீதிமன்றம். அரசியலமைப்பின் 140ஆவது உறுப்புரையின் கீழ் எழுத்தாணை, அதாவது ரிட் மனு. மாகாண மேல் நீதிமன்றங்களின் எழுத்தாணை அதிகாரம் மாகாண சபை நிரலிலுள்ள விஷயங்களுக்கு மட்டுமே. பல்கலைக்கழகம் அதில் இல்லை. எனவே அக்கரைப்பற்றில் இருந்தாலும் புத்தளத்தில் இருந்தாலும் கொழும்பு புதுக்கடைக்குத்தான் வர வேண்டும். இதற்கு நாள் கணக்கு எழுதப்படவில்லை. ஆனால் காரணமற்ற தாமதம் மனுவைக் கொன்றுவிடும்.

மூன்று, உயர் நீதிமன்றம். 12ஆவது உறுப்புரையின் சமத்துவ உரிமை மீறப்பட்டதாக 126ஆவது உறுப்புரையின் கீழ் மனு. 1995ஆம் ஆண்டு சட்ட அறிக்கையில் வெளியான, அழகியல் கற்கைகள் நிறுவகப் பரீட்சைப் பெறுபேறு தொடர்பான தீர்ப்பில், பல்கலைக்கழகத்துக்குத் தற்றுணிபு இருந்தாலும் அது 12ஆவது உறுப்புரைக்குக் கட்டுப்பட்டதே என்று உயர் நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது. இந்தக் கதவு பெரியது, ஆனால் விரைவில் மூடிக்கொள்வது. கெடு ஒரு மாதம்.

நான்கு, மனித உரிமைகள் ஆணைக்குழு. இதன் பரிந்துரையும் ஒம்புட்ஸ்மனுடையதைப் போலத் தானாக நிறைவேறாது. ஆனால் இதற்கு ஒரு விசேட பயன் உண்டு. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆவது பிரிவின்படி, மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் இங்கே முறைப்பாடு செய்தால், ஆணைக்குழுவில் விசாரணை நிலுவையிலுள்ள காலம் உயர் நீதிமன்றத்துக்கான அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது. வெறுமனே முறைப்பாடு கொடுத்த ரசீது போதாது, விசாரணை உண்மையில் நடைபெறுவதைக் காட்ட வேண்டும் என்றும் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது.

ஒம்புட்ஸ்மனுக்குச் செய்யும் முறைப்பாட்டுக்கு இந்தச் சலுகை இல்லை. இந்தக் கட்டுரையில் ஒரு வரியை மட்டும் நினைவில் வைப்பதென்றால் இதை வைத்துக்கொள்ளுங்கள்.

ஓர் உதாரணம் சொல்கிறேன். ஒரு தங்கச்சிக்கு மார்ச் 1ஆம் திகதி ‘நீங்கள் தெரிவு செய்யப்படவில்லை’ என்று கடிதம் வருகிறது. இன்னொருவர் கடமையேற்றதும் அன்றே தெரிய வருகிறது. மார்ச் 15இல் ஒம்புட்ஸ்மனுக்கு எழுதுகிறாள். எட்டு மாதம் கழித்து அவளுக்குச் சார்பாகப் பரிந்துரை வருகிறது. பல்கலைக்கழகம் அசையவில்லை. சட்டத்தரணியிடம் போகிறாள். அடிப்படை உரிமை மனுவின் கெடு ஏப்ரல் தொடக்கத்திலேயே முடிந்துவிட்டது. ரிட் மனுவில் தாமதத்துக்கு விளக்கம் சொல்ல வேண்டியிருக்கிறது. அதற்குள் எதிர்த்தரப்பு நியமனம் பெற்று எட்டு மாதமாகக் கற்பித்துக்கொண்டிருக்கிறார். நியாயம் அவள் பக்கம், அதை எழுத்தில் தந்திருப்பவரும் ஒம்புட்ஸ்மன்தான். கையில் மிஞ்சியதோ அந்தக் கடிதம் மட்டும்.

மார்ச் மாதத்துக்குள்ளேயே அவள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கும் எழுதி, ஒரு சட்டத்தரணியையும் சந்தித்திருந்தால் கதை வேறு. ஒம்புட்ஸ்மனிடம் போகக் கூடாது என்று நான் சொல்லவில்லை. அங்கே போவதால் மற்ற மணிக்கூடுகள் நின்றுவிடும் என்று நினைக்கக் கூடாது என்றுதான் சொல்கிறேன்.

கோப்பில் என்ன இருக்க வேண்டும்

‘எனக்குத்தான் கிடைச்சிருக்கணும்’ என்ற உணர்வு சாட்சியாகாது. ஆவணங்கள் வேண்டும். பத்திரிகை விளம்பரம், அன்று நடைமுறையிலிருந்த ஆட்சேர்ப்புத் திட்டம், பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின் உரிய சுற்றுநிருபம், புள்ளியிடும் திட்டம், தெரிவுக் குழுவின் அறிக்கை, அதை ஏற்ற பேரவைக் கூட்டக் குறிப்பு. இவற்றைப் பெற 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டம் இருக்கிறது. தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் தீர்மானத்தை அறிவிக்க வேண்டும். மறுத்தால் குறித்தளிக்கப்பட்ட அலுவலரிடமும், பிறகு தகவலறியும் உரிமைக்கான ஆணைக்குழுவிடமும் முறையிடலாம். கடிதம் கிடைத்த அன்றே இந்த விண்ணப்பத்தையும் கொடுத்துவிடுவது புத்தி.

ஒம்புட்ஸ்மனின் பரிந்துரை கையில் இருந்தால் அதையும் கோப்பில் சேர்க்கலாம். சுயாதீனமான ஒருவர் விசாரித்துக் கண்ட உண்மைகள் அதில் இருக்கும். ஆனால் மனுவின் தூணாக நிற்க வேண்டியது ஆட்சேர்ப்புத் திட்டத்தின் மீறல். பரிந்துரை அதற்கு முட்டுக்கொடுக்கும் கம்பு மாத்திரமே.

இன்னும் இரண்டு எச்சரிக்கைகள். ரிட் மனுவில் நியமனம் பெற்றவரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். ‘அவரோட எனக்கு ஒரு கோபமும் இல்ல’ என்று விட்டுவிட்டால், அவசியமான தரப்பு இல்லையென்று மனு தள்ளுபடியாகும். அடுத்தது, எங்கெல்லாம் முறைப்பாடு செய்தீர்களோ அதையெல்லாம் மனுவில் சொல்ல வேண்டும். ஒம்புட்ஸ்மன் உங்களுக்கு எதிராக எழுதியிருந்தாலும் மறைக்கக் கூடாது. முக்கிய விஷயத்தை மறைத்தவரின் மனுவை, அதன் நியாயத்தைப் பார்க்காமலே நீதிமன்றம் தள்ளிவிடும்.

நம்மவர் நாற்காலியில் இருக்கும்போது

நியமனம் கிடைக்காத ஒவ்வொரு முறையும் ‘நாங்க முஸ்லிம் என்டபடியாத்தான்’ என்று சொல்லும் பழக்கம் நம்மிடம் உண்டு. அது உண்மையாக இருக்கும் சந்தர்ப்பங்களும் உண்டு. 12ஆவது உறுப்புரையின் இரண்டாம் பந்தி அதற்காகவே இனம், மதம் காரணமான பாகுபாட்டைத் தடை செய்கிறது. ஆனால் அதை நிரூபிக்க, அதே நிலையிலிருந்த இன்னொருவர் எப்படி வேறு விதமாக நடத்தப்பட்டார் என்று காட்ட வேண்டும். அந்த ஒப்பீடு இல்லாமல் பாகுபாடு என்ற பெரிய சொல்லை மனுவில் போடுவது, கையிலுள்ள சிறிய உண்மையையும் பலவீனப்படுத்தும்.

இன்னொரு பக்கமும் இருக்கிறது. தெரிவுக் குழுக்களிலும் பேரவைகளிலும் நம்மவர்களும் அமர்கிறார்கள். ஊர்க்காரன், மருமகன், மாணவன் என்று அவர்கள் போடும் புள்ளிகளும் இதே சட்டத்துக்குக் கட்டுப்பட்டவை. ஸூரத்துன் நிஸாவின் 58ஆவது வசனம் அமானிதத்தை உரியவரிடம் ஒப்படைப்பதைப் பற்றிப் பேசுகிறது. பதவி அமானிதம் என்று மேடைகளில் முழங்குபவர், தெரிவுக் குழுவில் அமரும்போது ஆட்சேர்ப்புத் திட்டத்தை ஒருமுறை வாசித்துவிட்டு அமர்ந்தால் போதும். பாதி வழக்குகள் பிறக்காது.

பள்ளிவாசல் சம்மேளனங்களும் பட்டதாரி அமைப்புகளும் செய்யக்கூடிய காரியம் ஒன்றுண்டு. பெரிய நிதி எதுவும் தேவையில்லை. நிராகரிப்புக் கடிதம் கிடைத்த பிள்ளை முதல் வாரத்திலேயே கோப்போடு வந்து ஆலோசனை பெற, ஊருக்கு ஓர் இளம் சட்டத்தரணியும் ஒரு மேசையும் ஏற்பாடு செய்தால் போதும். அந்தப் பிள்ளையிடம் அவர் கேட்க வேண்டிய முதல் கேள்வி, ‘உங்களுக்குக் கடிதம் கிடைத்த திகதி என்ன?’ என்பதாக இருக்கட்டும்.